7,500 ரூபா பார்பிகியூ அடுப்பில் மெக்சிகோ சோளம்: மூன்று வாரம் சுட்டுப் பார்த்த கதை

வாங்கலாமா வேண்டாமா என்று மட்டும் கேட்பவர்களுக்கு: அடுப்பு சுமார், சோளம் அபாரம், அந்த அபாரத்தில் அடுப்புக்குப் பெரிய பங்கில்லை. நேரம் இருப்பவர்களுக்கு மிச்சத்தையும் சொல்கிறேன், ஏனென்றால் பொங்கலுக்கு முதல் கிழமை தொடங்கி மூன்று வாரமாக எங்கள் இஸ்தோப்பில் (வீட்டு முன்திண்ணையில்) நடந்த கூத்தில் நானும் அம்மாவும் அண்ணன் மகனும் ஆளுக்கொரு பக்கம் நின்று சண்டை பிடித்திருக்கிறோம்.

அண்ணன் மகன் துபாயில் ஒரு ஹோட்டல் குசினியில் வேலை செய்கிறான். லீவில் வந்தவன் பெட்டியைக்கூடத் திறக்கவில்லை, "அத்தை, மெக்சிகோ சோளம் சாப்பிட்டிருக்கீங்களா?" என்று ஆரம்பித்துவிட்டான். மெக்சிகோவில் தெருவோரத்தில் வண்டியில் வைத்து விற்கிற தின்பண்டம் அது. பெயர் எலோட்டே. அங்கத்தைய பூர்வகுடிகளின் நாவாட் மொழியில் இளஞ்சோளத்துக்கு எலோட்ல் என்று பெயர், அது ஸ்பானியக்காரர் வாயில் எலோட்டே ஆகிவிட்டது. சோளக் கருதைத் தணலில் சுட்டு, குச்சியில் குத்தி, சுற்றிவர மயோனைஸ் பூசி, உப்புச் சீஸை உதிர்த்து அப்பி, மிளகாய்த்தூள் தூவி, தேசிக்காய் பிழிந்து கையில் கொடுப்பார்கள். சுடாமல் அவித்து விற்கிறவர்களும் உண்டு. வெல்லவாய பக்கம் பஸ்ஸில் போகும்போது ரோட்டோரத்தில் உப்புத் தண்ணீரில் அவித்த சோளம் வாங்கித் தின்போமே, அதற்கு இது ஒன்றுவிட்ட தம்பி என்று வைத்துக்கொள்ளுங்கள். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு அம்மா ஒன்றே ஒன்றுதான் கேட்டார்: "சோளத்துக்கு எதுக்குடா மயோனைஸ்? தேங்காப்பூ போதாதா?"

அவனுக்குத் தணல்தான் வேண்டும், கேஸ் அடுப்பு சரிவராதாம். சரி என்று ஹட்டன் டவுனில் ஒரு கடையில் (பெயர் வேண்டாம், தினமும் அந்த வழியாகத்தான் போய்வருகிறேன்) மேசை மேல் வைக்கிற மாதிரி ஒரு கரி அடுப்பு வாங்கினோம். விலை 7,500 ரூபா. "டீச்சர், இது ஹோட்டல்காரங்க கொண்டுபோற சாமான், பத்து வருஷத்துக்கு அசையாது" என்றார் முதலாளி. வீட்டுக்கு வந்து பத்து நிமிஷத்தில் அசைந்தது. கறுப்புப் பெயின்ட் அடித்த தகரத் தொட்டி, ஒன்றரை அடி நீளம், ஒரு அடி அகலம், கம்பித் தட்டு ஒன்று, மடக்குகிற கால் நாலு. எட்டு ஸ்குரூ என்று அட்டையில் போட்டிருந்தது, உள்ளே இருந்தது ஏழு. எட்டாவது ஓட்டையில் கட்டுக்கம்பி சுற்றி நிறுத்தினோம், ஆனாலும் சீமெந்துத் தரையில் ஒரு கால் எப்போதும் தூக்கிக்கொண்டேதான் நிற்கிறது, இன்றைக்கும் அதற்குக் கீழே மடித்த அட்டைத்துண்டுதான்.

இந்த மாதிரி அடுப்பு வாங்குகிறவர்கள் முதல் நாளே சமைக்காதீர்கள். நாங்கள் சமைத்தோம். பெயின்ட் சூடேறிப் புகைந்த நாற்றம் நாலு கருதிலும் ஏறி, அவ்வளவும் பக்கத்து வீட்டு மாட்டுக்குப் போனது. வெறும் கரியைப் போட்டு அரை மணி நேரம் எரியவிட்டு, ஆறியதும் துடைத்துவிட்டு, அடுத்த நாள் சமையலைப் பாருங்கள்.

ஆனால் உண்மையான குறை காற்றோட்டம். காற்று ஓட்டைகள் இரண்டு குறுகிய பக்கத்தில் மட்டும்தான், அதுவும் அடியை ஒட்டி. சாம்பல் கொஞ்சம் சேர்ந்ததும் ஓட்டை அடைத்துக்கொள்கிறது, தணல் கண் மூடுகிறது. நுவரெலியா பக்கம் ஜனவரி எப்படி இருக்கும் என்று தெரிந்தவர்களுக்குத் தெரியும், பின்னேரம் நாலு மணிக்குப் பனிமூட்டம் வாசல் வரை வந்து நிற்கும், மூட்டையில் இருக்கிற சிரட்டைக் கரிகூடக் கையில் ஈரமாகப் பிடிபடும். முதல் நாள் அந்தக் கரியைப் பற்றவைக்க முக்கால் மணி நேரம் ஆனது. அண்ணன் மகன் பழைய பேப்பரை எரித்தான், சுளகால் விசிறினான், கடைசியில் மண்ணெண்ணெய் போத்தலைத் தேடப் போனான். மண்ணெண்ணெய் வேண்டாம், அந்த வாடை சோளத்தை விட்டுப் போகாது. அம்மா ஒன்றும் பேசாமல் உள்ளே போய் ஒரு பிடி மிலாறு கொண்டுவந்து கரிக்கு நடுவில் செருகி நெருப்பு வைத்தார், பத்து நிமிஷத்தில் கங்கு சிவந்துவிட்டது. மலையகத்துக்கு வெளியே இருப்பவர்களுக்காக: மிலாறு என்பது தேயிலையைக் கவாத்து வெட்டும்போது விழுகிற குச்சி. காய்ந்த பிறகு அதைப் போல எரிகிற விறகு எனக்குத் தெரிந்து வேறு இல்லை. துபாயில் கிடைக்காது.

குளிருக்கு நல்லது என்று இந்த அடுப்பைக் காம்பராவுக்குள் மட்டும் இழுக்காதீர்கள். கரி எரியும்போது வருகிற கார்பன் மொனொக்சைட்டுக்கு நிறமும் இல்லை, வாசமும் இல்லை, கதவைச் சாத்திய அறையில் அது தூங்குகிற ஆளை எழும்பவே விடாது. இஸ்தோப்பில் அல்லது வாசலில் வைத்துக்கொள்ளுங்கள், குளிர்ந்தால் சுவெட்டர் இருக்கிறது.

நல்லதையும் சொல்ல வேண்டும். தட்டுக்கும் தணலுக்கும் இரண்டு அங்குல இடைவெளிதான். கோழி போட்டால் வெளியே கருகி உள்ளே பச்சையாக நிற்கும், ஆனால் சோளத்துக்கு இந்த நெருக்கம் நல்லது, அங்கங்கே கறுப்புப் புள்ளி விழுந்து சீக்கிரம் சுடுபடுகிறது. மடக்கிப் பையில் போடலாம், பாரமில்லை. கம்பிகள் ஒரே திசையில் ஓடுவதால் கருதைக் குறுக்கே வைத்தால் உருண்டு கீழே விழும், கம்பியோடு சேர்த்து நீளவாக்கில் வைத்தால் இரண்டு கம்பிக்கு நடுவில் வடிவாக உட்கார்ந்துகொள்ளும். இதைக் கண்டுபிடிப்பதற்குள் ஒரு கருது முற்றத்தில் உருண்டு நாய் தூக்கிக்கொண்டு போனது தனிக் கதை. மூன்றாவது தடவைக்குப் பிறகு தட்டில் துரு பிடித்தது, இந்த ஈரத்துக்கு அது ஆச்சரியமில்லை, இப்போது கழுவித் துடைத்து எண்ணெய் தடவி வைக்கிறேன்.

இனி சோளம். இதில்தான் நாங்கள் அதிகம் பிழைவிட்டோம். முதலில் சுப்பர் மார்க்கெட்டில் பொலித்தீன் சுற்றி வைத்திருக்கிற சுவீட் கோர்ன் வாங்கினோம். சுட்டு மயோனைஸ் பூசியதும் ஏதோ கேக் தின்கிற மாதிரி இருந்தது, அவ்வளவு இனிப்பு. மெக்சிகோவில் இதற்குப் பெரும்பாலும் எடுப்பது மாப்பிடிப்பான வெள்ளைச் சோளம், இனிப்புக் குறைவு, கடிக்கப் பல்லுக்கு வேலை இருக்கும். அப்படிப் பார்த்தால் மொனராகலையிலிருந்தும் பதுளை மாவட்டத்துக் கீழ்ப்பக்கத்திலிருந்தும் சந்தைக்கு வருகிற நம்முடைய சாதாரணச் சோளம்தான் அதற்குக் கிட்ட நிற்கிறது. ஆனால் முற்றினால் கல். நாங்கள் இரண்டாவது தடவை வாங்கியது கல். மூன்றாவது தடவை அம்மாவே சந்தைக்கு வந்தார். தோலைக் கொஞ்சம் விலக்கி ஒரு மணியை நகத்தால் கீறினார். தண்ணீர் மாதிரி வந்தால் பிஞ்சு, ஒன்றும் வராமல் மா மாதிரி இருந்தால் முற்றல், பால் தெறித்தால் எடு. கடைக்காரர், "அம்மா, எல்லாத்தையும் கீறினா நான் எப்படி விக்கிறது?" என்று கத்தக் கத்த ஆறு கருது பொறுக்கினார். ஒன்று 120 ரூபா.

வாங்கின அன்றைக்கே சுட்டுவிடுங்கள், பறித்த நேரத்திலிருந்தே உள்ளே இருக்கிற சர்க்கரை மாச்சத்தாக மாறிக்கொண்டிருக்கும். நேரடியாகத் தணலில் வைத்தால் நம் சோளம் உள்ளே வேகாமல் வெளியே காய்ந்துபோகிறது, அதனால் நாங்கள் முதலில் தோலோடு அவித்தோம். எங்கள் தோட்டம் 1,300 மீட்டர் உயரத்தில் இருக்கிறது, இங்கே தண்ணீர் 96 பாகையிலேயே கொதித்துவிடும், ஆகவே கொழும்பில் இருபது நிமிஷம் என்றால் இங்கே இன்னும் ஐந்து நிமிஷம் கூட்டிக்கொள்ளுங்கள். அப்புறம் தோலைக் கீழே இழுத்து, பிடியாக முறுக்கிக் கட்டிவிட்டுத் தணலில் எட்டுப் பத்து நிமிஷம் திருப்பித் திருப்பிச் சுட வேண்டும். குச்சி தேவையே இல்லை.

சீஸ் ஒரு பெரிய தலைவலி. மெக்சிகோவில் போடுவது கொதீகா, மிச்சோவாக்கான் மாநிலத்தில் உள்ள ஓர் ஊரின் பெயர்தான் அந்தச் சீஸுக்கும். பசும்பாலில் செய்து மாதக்கணக்கில் காயவிட்ட, நல்ல உப்பான, கையில் உதிர்கிற சீஸ். சூட்டில் உருகாது, அதுதான் அதன் குணம். நாங்கள் பெட்டியில் வருகிற சாதாரணச் சீஸைத் துருவிப் போட்டோம், அது உருகிப் பசை மாதிரி பல்லில் ஒட்டிக்கொண்டது. பிறகு பக்கத்து லயத்தில் (தோட்டத்து வரிசை வீடுகளில்) மாடு வைத்திருக்கிற அக்காவிடம் இரண்டு லீட்டர் பால் வாங்கி, காய்ச்சி, தேசிக்காய் பிழிந்து திரைத்து, துணியில் வடித்து, தாராளமாக உப்புப் பிசைந்து, அம்மிக் குழவியைத் தூக்கி மேலே வைத்து ஒரு இரவு அமுக்கினோம். பனீர்தான், ஆனால் அம்மா அதை அதோடு விடவில்லை. துணியோடு கட்டி, விறகடுப்புக்கு மேலே கருவாடு தொங்குகிற கம்பியில் இரண்டு நாள் தொங்கவிட்டார். இறக்கியபோது வெளியே மஞ்சள் ஓடி, உள்ளே வெள்ளையாக, விரலால் தேய்த்தால் பொடியாக உதிர்ந்தது. உப்பு, புகை, கொஞ்சம் புளிப்பு. நெருப்பில் காட்டினாலும் உருகவில்லை. இதை ருசி பார்த்த பிறகு அண்ணன் மகன் ஹோட்டல் கதை சொல்வதைக் கொஞ்சம் குறைத்துக்கொண்டான்.

மற்றதெல்லாம் சுலபம். மயோனைஸ் மட்டும் போட்டால் திகட்டும், அங்கே கூட கிரேமா என்கிற புளித்த பாலாடையையும் சேர்ப்பார்கள். நாங்கள் சட்டித் தயிரைத் துணியில் வடித்து மயோனைஸோடு பாதிக்குப் பாதி கலந்தோம். மிளகாய்க்கு, செத்தல் மிளகாயை வெறும் சட்டியில் வறுத்து ஒன்றிரண்டாக இடித்தது. அங்கத்தைய ஆஞ்சோ மிளகாயில் காரம் குறைவு, அதை நம்பி அவர்கள் அளவுக்கு அள்ளித் தூவினால் தண்ணீர்க் குடத்தைத் தேட வேண்டிவரும். சோளம் சூடாக இருக்கும்போதே பூச வேண்டும், பூசிய கையோடு சீஸ், அதன் மேல் மிளகாய், கடைசியில்தான் தேசிக்காய். முதலில் தேசிக்காய் பிழிந்தால் மயோனைஸ் வழுக்கிக் கீழே வடிந்துவிடும்.

கடித்தால் முதலில் தயிரின் குளிர், அதற்குப் பின்னால் சோளத்தின் சூடு, அப்புறம் கருகின மணியின் கசப்பு, எல்லாம் முடிந்த பிறகுதான் மிளகாய் மெதுவாகத் தொண்டைக்கு வருகிறது. மூக்கு நுனியில் மயோனைஸ் ஒட்டாமல் சாப்பிட எங்கள் வீட்டில் யாருக்கும் இன்னும் வரவில்லை.

அம்மாவுக்கு முன்பல் இரண்டு இல்லை, கருதைக் கடிக்க முடியாது. மெக்சிகோவில் அதற்கும் வழி இருக்கிறது, எஸ்கீத்தெஸ் என்று மணியை உதிர்த்துக் கோப்பையில் போட்டு இதே சாமான்களைக் கலந்து கரண்டியோடு கொடுப்பார்கள். அப்படியே செய்து கொடுத்தோம். ஒரு கோப்பை முடித்துவிட்டு, "இன்னும் கொஞ்சம் போடு, மயோனைஸ் கூட வேண்டாம், அந்த சீஸை மட்டும் கூடப் போடு" என்றார். தேங்காய்ப்பூ பேச்சே வரவில்லை.

சரி, தீர்ப்பு. வாடகை வீட்டில் இருப்பவர்கள், மாடி வீட்டுக்காரர்கள், அடிக்கடி சுற்றுலா போகிறவர்கள் இந்த மாதிரி அடுப்பை வாங்கலாம், ஸ்குரூவைக் கடையிலேயே எண்ணிப் பார்த்துவிட்டு. வீட்டில் விறகடுப்பு இருக்கிறவர்கள் 7,500 ரூபாவைச் செலவழிக்காதீர்கள். கடைசித் தடவை நாங்கள் மூன்று செங்கல்லை வைத்து, வெல்டிங் கடையில் சாதாரண இரும்புக் கம்பியில் செய்வித்த தட்டை மேலே போட்டுச் சுட்டோம் (நாகம் பூசிய வேலிக் கம்பி வேண்டாம், சூட்டில் நச்சுப்புகை வரும்). தட்டுக்கு 1,800 ரூபா. தணல் கண் மூடவில்லை, கால் ஆடவில்லை, மிலாறு வாசம் வேறு.

அந்த எட்டாவது ஸ்குரூவைக் கேட்டுக் கடைக்குப் போனேன். முதலாளி ஒரு டப்பாவில் தேடி எடுத்துக் கொடுத்துவிட்டு, "இருபது ரூபா, டீச்சர்" என்றார். கொடுத்துவிட்டுத்தான் வந்தேன்.