டிரைவரை நீக்கும் டிஎல்எல்கள்: எது வேரோடு எடுக்கும், எது பாதியில் விடும்?

டிவைஸ் மேனேஜரில் வலது கிளிக் செய்து 'அன்இன்ஸ்டால்' கொடுத்துவிட்டால் டிரைவர் போய்விட்டது என்றுதான் பலரும் நம்புகிறார்கள். கணினியை மறுபடி ஆன் செய்து பார்த்தால் அதே பழைய டிரைவர் வந்து உட்கார்ந்திருக்கும். நீங்கள் நீக்கியது சாதனத்தின் பதிவை மட்டும்தான். டிரைவர் பேக்கேஜ், அதாவது டிரைவரின் கோப்புகள் அடங்கிய தொகுப்பு, விண்டோஸின் டிரைவர் ஸ்டோர் என்ற ஃபோல்டரில் அப்படியே இருக்கிறது. விஸ்டா வந்ததிலிருந்து சிஸ்டம்32-க்குள் இருக்கும் அந்த ஃபோல்டரில்தான் எல்லா பேக்கேஜும் சேர்கிறது. அதே சாதனத்தை மறுபடி கண்டதும் விண்டோஸ் அங்கிருந்தே எடுத்து நிறுவிக்கொள்கிறது.

அதனால் இந்த வேலைக்கென்று இருக்கும் டிஎல்எல்களை, அதாவது மற்ற நிரல்கள் அழைத்துப் பயன்படுத்தும் நிரல் கோப்புகளை, ஒப்பிடும்போது நான் முக்கியமாகப் பார்ப்பது, அது டிரைவர் ஸ்டோர் வரை போகிறதா என்பதை. அடுத்து, நீக்க வேண்டிய டிரைவரை ஏதாவது ஒரு சாதனம் பயன்படுத்திக்கொண்டிருந்தால் அந்தச் சாதனத்தை என்ன நிலையில் விடுகிறது என்பதை. இந்த இரண்டாவது கேள்வியில்தான் வித்தியாசங்கள் வெளிப்படுகின்றன.

மூத்தவர் செட்டப்ஏபிஐ.டிஎல்எல். இதில் சாதனத்தை நீக்க ஒரு வழியும் ஐஎன்எஃப் கோப்பை (டிரைவரை எப்படி நிறுவ வேண்டும் என்று விண்டோஸுக்குச் சொல்லும் கோப்பு) நீக்க 'செட்டப் அன்இன்ஸ்டால் ஓஇஎம் இன்ஃப்' என்ற தனி ஃபங்ஷனும் இருக்கின்றன. வெளியிலிருந்து வரும் ஒவ்வொரு டிரைவரின் ஐஎன்எஃப் கோப்புக்கும் விண்டோஸ் ஓஇஎம்12 என்பதுபோல் ஓர் எண் போட்டுப் பெயர் மாற்றி வைத்துக்கொள்ளும். அந்தப் பெயரைக் கொடுத்தால் பேக்கேஜ் ஸ்டோரிலிருந்து போகும். ஆனால் ஏதாவது ஒரு சாதனம் அதைப் பயன்படுத்தினால், அந்தச் சாதனம் இப்போது செருகப்படாமல் இருந்தாலும்கூட, மறுத்துவிடும். கட்டாயப்படுத்தும் ஃபிளாக், அதாவது கூடுதல் தேர்வு, ஒன்று உண்டு. அதைப் போட்டால் சாதனத்தின் கதியைப் பற்றிக் கவலைப்படாமல் நீக்கிவிடும். இணையத்தில் கிடைக்கும் ஸ்கிரிப்டுகள் சிலவற்றில் இந்தக் கட்டாயத்தை வழக்கமாகவே எழுதி வைத்திருக்கிறார்கள். நெட்வொர்க் கார்டிலோ ஸ்டோரேஜ் கன்ட்ரோலரிலோ அதை ஓட்டுவது ஆபத்து என்று அழுத்தமாகச் சொல்வேன்.

என் ஓட்டு நியூடெவ்.டிஎல்எல்லுக்கு. விண்டோஸ் 7-இல் இதற்குள் 'டிஐ அன்இன்ஸ்டால் டிவைஸ்' வந்தது. பழைய செட்டப்ஏபிஐ வழியைப் போலன்றி, இது சாதனத்தோடு அந்த நேரத்தில் அதன்கீழ் இருக்கும் துணைச் சாதனங்களையும் சேர்த்து நீக்க முயலும். விண்டோஸ் 10-இன் 1703 பதிப்பில் 'டிஐ அன்இன்ஸ்டால் டிரைவர்' சேர்ந்தது. இது வேலை செய்யும் முறை எனக்கு மிகவும் பிடிக்கும். குறிப்பிட்ட பேக்கேஜை எந்தெந்தச் சாதனங்கள் பயன்படுத்துகின்றன என்று பார்க்கும். ஒவ்வொன்றுக்கும் பொருந்தும் வேறு டிரைவர் கணினியில் இருந்தால் அதை மாட்டிவிடும். எதுவும் இல்லையென்றால் டிரைவர் இல்லாத நிலையில் முறையாக நிறுத்தும். அதற்கப்புறம்தான் ஸ்டோரிலிருந்து பேக்கேஜை எடுக்கும். ரீஸ்டார்ட் தேவையா என்பதையும் அதுவே திருப்பிச் சொல்லும். அழைக்கும் நிரல் அட்மினிஸ்ட்ரேட்டர் உரிமையோடு ஓட வேண்டும் என்பதை மட்டும் மறக்கக் கூடாது.

நிரல் எழுதாதவர்களுக்கு விண்டோஸோடு வரும் பிஎன்பியூட்டில் கட்டளை போதும். விண்டோஸ் 10-இன் 1607 பதிப்புக்கு முன்னால் அதன் கட்டளைகள் ஓரெழுத்துச் சுருக்கங்களாக இருந்தன. இப்போது படித்தாலே புரிகிறது. டிரைவர் பட்டியலை எடுத்து, நீக்க வேண்டிய ஓஇஎம் எண்ணைக் கண்டுபிடித்து, 'டெலிட் டிரைவர்' கட்டளையோடு 'அன்இன்ஸ்டால்' என்ற தேர்வையும் சேர்த்துக் கொடுக்க வேண்டும். அந்தத் தேர்வைச் சேர்க்காமல், டிரைவர் பயன்பாட்டில் இருக்கிறது என்று பிழைச் செய்தி வந்ததும் 'ஃபோர்ஸ்' பக்கம் போவது மேலே சொன்ன ஆபத்தில்தான் கொண்டுபோய் விடும்.

டிஃப்எக்ஸ்ஏபிஐ.டிஎல்எல் ஒரு காலத்தில் எங்கும் இருந்தது. யுஎஸ்பி சீரியல் கேபிள், டெவலப்மென்ட் போர்டு போன்றவற்றின் இன்ஸ்டாலர்கள் இதையோ இதன் உடன்பிறப்பான டிபிஇன்ஸ்டையோ தூக்கிக்கொண்டு வரும். கன்ட்ரோல் பேனலில் 'விண்டோஸ் டிரைவர் பேக்கேஜ்' என்று தொடங்கி நிறுவனப் பெயரோடு ஒரு வரி தெரிந்தால், அது இந்தக் குடும்பத்தின் வேலை. அந்த வரியிலிருந்தே டிரைவரை நீக்கலாம் என்பது நல்ல வசதி. குறைகளும் உண்டு. 64 பிட் விண்டோஸில் இதன் 32 பிட் கோப்பு வேலை செய்யாது. டிரைவரின் பைனரி கோப்புகளை அழிக்கச் சொல்லும் ஃபிளாக்கை விண்டோஸ் 7 முதல் கண்டுகொள்வதில்லை. மைக்ரோசாஃப்ட் இதைக் கைவிட்டுவிட்டது, 1607-க்கான டிரைவர் கிட் (டிரைவர் எழுதுபவர்களுக்கான கருவித் தொகுப்பு) முதல் அதில் இது இல்லை. பழைய கணினிகளைப் பராமரிப்பவர்கள் வைத்துக்கொள்ளட்டும். புதிதாக இன்ஸ்டாலர் எழுதுபவர்கள் இதைத் தொட வேண்டியதில்லை.

அடுத்தது தயாரிப்பாளர்களின் சொந்த டிஎல்எல். என்விடியா நல்ல உதாரணம். அதன் அன்இன்ஸ்டால் வரியைப் பார்த்தால், டிஎல்எல்களை ஓட்டும் விண்டோஸ் நிரலான ரன்டிஎல்எல்32 வழியாக என்விஐ2.டிஎல்எல் என்ற கோப்பை அழைத்து 'டிஸ்ப்ளே டிரைவர்' பேக்கேஜை நீக்கச் சொல்லியிருக்கும். விண்டோஸின் டிஎல்எல்களுக்குத் தெரியாத கன்ட்ரோல் பேனல், பின்னணிச் சேவைகள், கூடுதல் மென்பொருள்கள் எல்லாம் இதற்குத் தெரியும். கிராஃபிக்ஸ் கார்டைப் பொறுத்தவரை முதலில் இந்த வழியைத்தான் முயல வேண்டும்.

ஆனால் இடத்தை மிச்சப்படுத்த புரோகிராம் ஃபைல்ஸில் இருக்கும் நிறுவன ஃபோல்டரைக் கையால் அழித்துவிட்டால், நீக்கித்தர வேண்டிய டிஎல்எல்லே போய்விடும். அப்புறம் அன்இன்ஸ்டால் கொடுத்தால் மாட்யூல் கிடைக்கவில்லை என்ற செய்திதான் வரும். அந்த நேரத்தில் கோப்பின் பெயரைக் கூகுளில் தேடி, டிஎல்எல் தனியாகத் தரும் தளத்திலிருந்து இறக்கிப் போடாதீர்கள். அது எந்தப் பதிப்பு, யார் கை வைத்தது என்று தெரியாது, அதை அட்மினிஸ்ட்ரேட்டர் உரிமையோடு வேறு ஓட்டப்போகிறீர்கள். அதே பதிப்பின் டிரைவரைத் தயாரிப்பாளர் தளத்திலிருந்து எடுத்து மேலேயே நிறுவுங்கள், டிஎல்எல் திரும்பி வரும், அப்புறம் முறையாக நீக்குங்கள். காணாமல்போனது செட்டப்ஏபிஐ போன்ற விண்டோஸ் கோப்பு என்றால், விண்டோஸோடு வரும் சிஸ்டம் ஃபைல் செக்கரை ஓட்டினால் சரியாகும்.

இதுவும் சிக்கிக்கொண்டால்தான் டிஸ்ப்ளே டிரைவர் அன்இன்ஸ்டாலர், அதாவது டிடியூ. இது டிஎல்எல் அல்ல, தனி இலவச நிரல். என்விடியா, ஏஎம்டி, இன்டெல் மூன்றின் மிச்சங்களையும் ரெஜிஸ்ட்ரி வரை துடைக்கும். இணைய இணைப்பைத் துண்டித்து, சேஃப் மோடில் ஓட்டுங்கள். இல்லையென்றால் நீங்கள் துடைத்த கையோடு விண்டோஸ் அப்டேட் தன் விருப்பப்படி ஒரு டிரைவரைக் கொண்டுவந்து போட்டுவிடும். ஒவ்வொரு டிரைவர் அப்டேட்டுக்கும் இதை ஓட்டச் சொல்லும் அறிவுரையை நான் ஏற்கவில்லை.

எந்த வழியில் போனாலும், விண்டோஸுக்குள் ஐஎன்எஃப் ஃபோல்டரில் 'செட்டப்ஏபிஐ.டெவ்' என்ற லாக் கோப்பு எழுதப்படுகிறது. நீக்கம் உண்மையிலேயே நடந்ததா, எங்கே நின்றது என்பதை அதன் கடைசிப் பகுதியைப் பார்த்தால் தெரிந்துகொள்ளலாம்.

பிரிண்டர் மட்டும் தனிக் கணக்கு. அதன் டிரைவர், அச்சு வேலைகளை வரிசையில் வைத்து அனுப்பும் ஸ்பூலர் சேவையின் பிடியில் இருப்பதால், அதற்கென்று பிரிண்ட்யூஐ.டிஎல்எல் இருக்கிறது. அதன் பிரிண்ட் சர்வர் பிராப்பர்ட்டீஸ் திரையில் டிரைவரைத் தேர்ந்தெடுத்தால், டிரைவரை மட்டும் நீக்கவா, பேக்கேஜையும் சேர்த்தா என்று கேட்கும். பேக்கேஜையும் சேர்த்தே நீக்குங்கள். பயன்பாட்டில் இருக்கிறது என்று மறுத்தால், ஸ்பூலரை நிறுத்தி மறுபடி தொடங்கி, வேறு எதையும் அச்சுக்குக் கொடுப்பதற்கு முன் உடனே நீக்கிப் பாருங்கள், பெரும்பாலும் போய்விடும்.