பிளாஸ்டிக் டப்பா, எவர்சில்வர் சம்புடம், பீங்கான் ஜாடி: எதில் எதை வைக்கலாம்?

மகள் தலைப்பிரசவத்துக்குக் காரைக்குடி வீட்டுக்கு வந்திருக்கிறாள். அவள் வருவதற்கு முன்னால் சமையலறை அலமாரியை ஒழித்தபோது, கைமுறுக்கு வைத்திருந்த பழைய பிளாஸ்டிக் டப்பா ஒன்று கையில் வந்தது. உள்ளே நார் போட்டுத் தேய்த்த கீறல்கள், என்றைக்கோ குழம்பு ஊற்றி வைத்த மஞ்சள் கறை, மூன்று தடவை சோப்பு போட்டும் விரலில் பிசுபிசுக்கிற எண்ணெய். எண்ணெய் அதற்குள் இவ்வளவு ஊறியிருந்தால், அதிலிருந்து முறுக்குக்கு என்னவெல்லாம் போயிருக்கும் என்று பயமாகவே இருந்தது.

பயத்துக்குக் காரணம் உண்டு. பிளாஸ்டிக்கில் சேரும் சில ரசாயனங்களை உடம்பு தன் சொந்த ஹார்மோன் என்று நினைத்துக்கொள்கிறது. பிஸ்பீனால் ஏ, சுருக்கமாக பிபிஏ, பெண்களின் ஈஸ்ட்ரோஜன் போல வேலை செய்யும் என்று லண்டனில் சார்லஸ் டாட்ஸ் என்ற ஆய்வாளர் 1936-லேயே காட்டிவிட்டார். அதை வைத்துப் பாலிகார்பனேட் பிளாஸ்டிக் செய்ய ஆரம்பித்தது 1950களில், அதாவது இது தெரிந்த பிறகு! பிளாஸ்டிக்கை மெத்தென்று ஆக்கச் சேர்க்கும் தாலேட்டுகளில் சில, ஆண் ஹார்மோனின் வேலையைக் குறைக்கின்றன. விலங்குகளில் இது தெளிவாகத் தெரிந்திருக்கிறது. மனிதர்களில் தொடர்பு தெரிகிறது, இதனால்தான் என்று அடித்துச் சொல்வது கடினம். ஆனால் வயிற்றில் பிள்ளைக்கு உறுப்புகள் உருவாகும் நாட்களில் ஹார்மோன் கொஞ்சம் பிசகினாலும் அது வாழ்நாளுக்கும் நிற்கலாம் என்பதால், முழு நிரூபணம் வரட்டும் என்று நான் காத்திருக்கப் போவதில்லை. ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு ஆணையம் பிபிஏவுக்கு வைத்திருந்த தினசரி அளவை 2023-ல் 20,000 மடங்கு குறைத்தது.

சரி, மாற்று என்ன? கடையில் முதலில் காட்டுவது ‘பிபிஏ இல்லாதது’ என்று ஒட்டிய டப்பா. அந்தச் சீட்டை நான் பெரிதாக நம்பவில்லை. பிபிஏவை எடுத்துவிட்டுப் பல இடங்களில் போட்டது பிபிஎஸ், பிபிஎஃப் என்ற அதன் பங்காளிகளை. அவையும் கிட்டத்தட்ட அதே வேலையைத்தான் செய்கின்றன. அடியில் முக்கோணத்துக்குள் இருக்கும் எண்ணைப் பார்ப்பது இன்னும் உபயோகம். 5 என்றால் பாலிபுரோப்பிலீன், அதைச் செய்ய பிபிஏ தேவையில்லை. பருப்பு, அரிசி போன்ற காய்ந்த சாமானுக்கு அது போதும். 7 என்றால் பாலிகார்பனேட்டாக இருக்கலாம், வீட்டுக்கு வரும் இருபது லிட்டர் தண்ணீர் கேனையும் ஒருமுறை திருப்பிப் பாருங்கள்.

எவர்சில்வர் சம்புடத்தில் இந்தத் தொல்லையே கிடையாது. வெளிச்சமும் புகாது, அதனால் தேன்குழலும் சீப்பு சீடையும் சீக்கிரம் காறாது. ஊறுகாய்க்கு மட்டும் ஆகாது, உப்பும் புளிப்பும் சேர்ந்து மட்டமான எவர்சில்வரைப் புள்ளி புள்ளியாக அரித்துவிடும்.

அப்புறம் ஜாடி. எங்கள் ஊரில் முனீஸ்வரன் கோவில் தெருவுக்குப் போனால் பழைய வீடுகளிலிருந்து வந்த பீங்கான் ஜாடியும் எனாமல் அடுக்கும் கண்ணைப் பறிக்கும். அப்பத்தா ஆவக்காய் போட்டு வேடு கட்டி வைத்த ஜாடி மாதிரியே ஒன்றை நான் ஆசையாகத் தூக்கினேன், பிறகு வைத்துவிட்டேன். பழைய மெருகில் ஈயம் இருக்கலாம், புளிப்பு அதை மெல்ல மெல்ல இழுத்து வரும். ஈயம் வயிற்றுப் பிள்ளையின் மூளைக்கே கேடு. ஆகவே பழையது பட்டாலையில் அழகுக்கு, ஊறுகாய்க்கு ஈயமில்லாத மெருகு என்று சொல்லி விற்கும் புதியது. கண்ணாடி பாட்டிலும் நல்லதுதான், ஆனால் தகர மூடிக்கு உள்ளே ஒரு மெத்தை வளையம் இருக்குமே, அது பெரும்பாலும் பிவிசி என்ற பிளாஸ்டிக். எண்ணெய் அதில் தொட்டுக்கொண்டே இருந்தால், அதை மெத்தென்று ஆக்கச் சேர்த்த ரசாயனமெல்லாம் ஊறுகாயில் இறங்கும், ஊறுகாயைப் பாட்டிலின் கழுத்துக்குக் கீழே நிறுத்திக்கொள்ளுங்கள்.

இதையெல்லாம் விட எனக்கு அதிகக் கோபம் வருவது மெஸ் பார்சல் மேல். கொதிக்கக் கொதிக்கக் கோழிக் குழம்பை மெல்லிய பையில் ஊற்றி நூல் சுற்றித் தருகிறார்கள். சூடு, எண்ணெய், புளிப்பு மூன்றும் ஒரே பையில்! அலமாரியில் பருப்பு டப்பாவை மாற்றுவதற்கு முன்னால் இதை நிறுத்துங்கள். பலன் சீக்கிரமே தெரியும்: 2011-ல் அமெரிக்காவில் ஐந்து குடும்பங்களுக்கு மூன்று நாள் டின்னும் பிளாஸ்டிக் பொட்டலமும் படாத புதுச்சமையல் கொடுத்துப் பார்த்தார்கள், சிறுநீரில் பிபிஏ சராசரியாக 66 சதவீதம் குறைந்தது. பிபிஏ பெரும்பாலும் ஒரே நாளில் உடம்பை விட்டுப் போய்விடும், நாம் தினமும் திரும்ப ஊற்றுவதால்தான் நிற்கிறது.

நேற்று மெஸ்ஸுக்கு இரண்டு தூக்குவாளி கொண்டுபோனேன். “ஆச்சி, இதுல ஊத்துறது எங்களுக்கும் சுலபந்தான்” என்றார் பரிமாறுகிற தம்பி. குழம்புக்கு ஒன்று, ரசத்துக்கு ஒன்று. வீட்டுக்கு வந்து சேரும்வரை சூடும் ஆறவில்லை.