செட்டும் உடையும்: ஒருவரே எடுக்கலாமா, பிரித்துக்கொள்வது நல்லதா?

சினிமாவில் செட் வடிவமைப்பு, உடை வடிவமைப்பு இரண்டையும் ஒருவரே செய்து உச்சம் தொட்டவர்கள் உண்டு. செசில் பீட்டன் 1964இல் வந்த ‘மை ஃபேர் லேடி’க்காகக் கலை இயக்கம், உடை இரண்டு பிரிவிலும் ஆஸ்கர் வாங்கினார். கேத்தரின் மார்ட்டின் இந்த இரட்டை வெற்றியை இரண்டு படங்களில் பெற்றார். இவர்களைப் பார்த்து, தொடக்கத்திலேயே இரண்டையும் ஒப்புக்கொள்பவர்களுக்கு ரசனை கைகொடுத்துவிடும். நேரம்தான் காலை வாரிவிடும்.

செட் என்பது முன்கூட்டியே முடிய வேண்டிய வேலை. தரைப்படம் வரைந்து, 1:50 அல்லது 1:25 அளவில் மாதிரி செய்து, எந்தச் சுவரைக் கழற்றினால் கேமரா பின்னால் போக முடியும் என்று ஒளிப்பதிவாளரோடு பேசி முடித்த பிறகே தச்சு வேலை. படப்பிடிப்பு நடக்கும்போது வடிவமைப்பாளர் அடுத்த செட்டில் நிற்பார். உடை இதற்கு நேர்மாறு. நடிகர் முடிவாகாமல் அளவெடுக்க முடியாது. சின்ன வேடங்களுக்கு ஆள் கடைசி வாரத்தில்தான் உறுதியாகும். முதல் ஷாட்டுக்கு முன் காலரையும் கறையையும் பார்க்க ஆள் அங்கேயே இருந்தாக வேண்டும். ஒரே காலையில் இரண்டு இடத்திலும் கூப்பிடுவார்கள்.

ஆனாலும் ஒரே கையில் இருப்பதில் பெரிய லாபம் ஒன்று உண்டு: நிறம். சுவருக்கு ஒரு பச்சை, புடவைக்கு அதே பச்சை என்று ஜன்னல் வெளிச்சத்தில் பொருத்தியிருப்பார்கள். 3200 கெல்வின், அதாவது மஞ்சள் சாயல் உள்ள விளக்கு போட்டதும் துணி பழுப்பு தட்டும், சுவர் அப்படியே இருக்கும். சாயமும் பெயின்டும் ஒளியைத் திருப்பி அனுப்பும் விதம் வேறு என்பதே காரணம். பெயின்ட் அடித்த பலகையில் துணித் துண்டைக் குத்தி, 3200இலும், பகல் வெளிச்சத்துக்கு நிகரான 5600இலும் கேமரா வழியாகவே பார்க்க வேண்டும். தனித்தனி ஆட்கள் என்றால் இந்தச் சோதனையைத் தேதி குறித்துச் சேர்ந்து செய்ய வேண்டும். பெரும்பாலும் விட்டுப்போவது இதுதான். அதோடு, நடிகர் சுவரோடு சுவராகக் கரைந்துபோவதும் இதனால்தான்.

தவறின் விலையும் சமமில்லை. சுவர் சரியில்லை என்றால் கோணத்தை மாற்றலாம், ஓர் அலமாரியை நகர்த்தி மறைக்கலாம். குளோசப்பில் காலரை எங்கே மறைப்பது? மழை, ரத்தம், சண்டை உள்ள காட்சிக்கு ஒரே உடையில் குறைந்தது மூன்று நான்கு பிரதிகள் வேண்டும். ஸ்டன்ட் கலைஞரின் பிரதியை, உள்ளே பேடு போட இடம் விட்டுத் தைக்க வேண்டும். எல்லாத் துணியையும் ஒரே சாயத்தொட்டியில் நனைக்காவிட்டால் இரண்டாவது டேக்கில் நிறம் மாறிவிடும். உப்புத்தாள் தேய்த்துப் பழசாக்கிய துணியைத் திரும்பப் புதுசாக்க முடியாது. ஆகவே கதையில் உடை புதிதாக இருக்கும் காட்சிகளுக்கு ஒரு பிரதியைத் தொடாமல் எடுத்துவைக்க வேண்டும்.

புதிதாக வருபவர் எந்தப் பக்கம் நுழைவது? படம் வரையும் கையும் அளவுக் கணக்கும் இருந்தால் கலைத்துறை. போர்ட்ஃபோலியோவில் அழகான ஓவியத்தைவிட, ஒரே அறையின் தரைப்படம், சுவர் வரைபடம், கட்டி முடித்த புகைப்படம் மூன்றையும் அடுத்தடுத்து வைப்பது மேல். ஆட்களோடு பழகுவதும் துணியும் பிடிக்கும் என்றால் உடை. அதற்குக் காட்சி எண், கதை நாள் (அந்தக் காட்சி கதைக்குள் எந்த நாளில் நடக்கிறது), உடை எண் போட்ட பிரேக்டவுன் அட்டவணை ஒன்றைச் சேர்க்க வேண்டும். உதவியாளரைத் தேர்ந்தெடுப்பவர் முதலில் அதைத்தான் பார்ப்பார். என்னைக் கேட்டால் உடைப்பக்கம் தொடங்குவதே நல்லது. படப்பிடிப்பு தினமும் எப்படி நகர்கிறது என்பது அங்கேதான் கண்ணெதிரே தெரியும்.

நாலைந்து இடங்கள், சமகாலக் கதை, குறைவான நடிகர்கள் என்றால் ஒருவரே இரண்டையும் தாங்கலாம். அப்போதும் செட்டுக்கு ஒரு கலை இயக்குநர், உடைக்கு ஒரு மேற்பார்வையாளர் என இரு தனி ஆட்கள், இரு தனி பட்ஜெட் என்று ஒப்பந்தத்திலேயே எழுதி வாங்க வேண்டும். பழைய காலக் கதையும் பெருங்கூட்டமும் சேர்ந்தால் பிரித்துக்கொள்வதே சரி.