லியோனொவ் பென்ட்ரைவ்: வாங்கலாம், ஆனால் வரிசையை மாற்றிப் பாருங்கள்

மட்டக்களப்பு நகரில் ஒரு சீடிக் கடையில் சோவியத் நடிகர் யெவ்கெனி லியோனொவின் படங்களை 32 ஜீபி பென்ட்ரைவில் ஏற்றித் தருகிறார்கள். நாலு முழுநீளப் படங்களும் அவர் குரல் கொடுத்த 'வின்னி பூ' கார்ட்டூன்களும் இருக்கின்றன. மொஸ்ஃபில்ம் ஸ்ரூடியோ தன்னுடைய படங்களில் நிறையவற்றை யூரியூப்பில் இலவசமாகவே விட்டிருக்கிறது. ஆகவே கொடுக்கிற காசு டேட்டாவுக்கும் ஆங்கில சப்டைட்டிலுக்கும்தான்.

அந்தச் சப்டைட்டிலில்தான் சிக்கல். படம் செக்கனுக்கு 24 பிரேம் ஓடுகிறது. எழுத்து 25 பிரேம் ரீவிப் பதிப்புக்குச் செய்தது. தொடக்கத்தில் தெரியாது. 'அதிர்ஷ்டக் கனவான்கள்' (1971) முடியும்போது எழுத்து மூன்று நிமிசத்துக்கு மேல் முந்திவிடும், லியோனொவ் வாய் திறக்க முன்னமே பகிடி வந்துவிடும். விஎல்சி பிளேயரில் ஜி, எச் பொத்தான்களை அமத்தி வேலையில்லை, அது நிலையான பிந்தலை மட்டும்தான் திருத்தும். சப்டைட்டில் எடிற் மென்பொருளில் பிரேம் வேகத்தை 25இலிருந்து 24க்கு மாற்றுங்கள். எழுத்துக் கோப்பின் பெயரும் படத்தின் பெயரும் ஒன்றாக இருக்கட்டும். இல்லாவிட்டால் பல ரீவிகள் எழுத்தைக் காட்டாது.

'அதிர்ஷ்டக் கனவான்கள்' படத்துக்காகவே வாங்கலாம். கள்ளர் தலைவன், அவனை உரித்துவைத்த மாதிரி முகமுள்ள பாலர் பாடசாலை அதிபர், இரண்டும் லியோனொவ். சாப்பிட மறுக்கிற பிள்ளைகளிடம், இன்றைக்குக் காலைச் சாப்பாட்டுக்குப் பதிலாகச் செவ்வாய்க்குப் பறக்கப் போகிறோம், விண்வெளிக் கரண்டியை எடுங்கோ என்பார். பிறகு அதே அதிபர் விக்கும் பச்சைகுத்தலும் போட்டுக் கள்ளனாக வேடமிட்டு உறுமும்போதும் கண்ணில் அந்த அதிபர்தான் இருப்பார்.

கடைக்காரர் 1961இன் 'கோடுபோட்ட பயணம்' படத்தை முதலில் வைத்திருக்கிறார். கப்பலில் புலிகள் தப்பி ஓடுகிற கதை. அதில் தொடங்கினால் ஆளை வெறும் கோமாளி என்று முடிவுகட்டிவிடுவீர்கள். அதே இயக்குநர் விளதிமிர் ஃபேத்தின்தான் 1964இல் 'தொன் கதை'யில் (தொன் என்பது ரஷ்ய ஆறு), தன் பிள்ளையின் தாயைச் சுட்டுவிட்டுக் கைக்குழந்தையோடு அலைகிற செம்படை வீரனாக இவரை நடிக்கவிட்டார். நீர்க்குமிழி நாகேஷை அறிந்தவர்களுக்கு இது விளங்கும். இந்தத் தொகுப்பில் 'தொன் கதை' இல்லை. 'பெலருஸ்கி நிலையம்' (1971) படமும் இல்லை. பெரிய குறை.

'இலையுதிர்கால மரதன்' (1979) படத்தில் கொஞ்ச நேரமே வருவார்: விடியக்காலையில் வோட்காவோடு கதவைத் தட்டுகிற அயலவர். குணசித்திர நடிப்பைப் படிக்க விரும்புவோர் அந்தக் காட்சியை இரண்டுதரம் பார்க்கலாம். 'கின்-ட்சா-ட்சா' (1986) இரண்டு பாகம், பொறுமை வேண்டும். வின்னி பூவின் குரல் வேகம் கூட்டிய பதிவு. கோப்பு பழுதென்று திருப்பிக் கொடுக்க வேண்டாம்.

உள்ளே வைத்த ஒரு பக்கக் குறிப்பில் பிறப்பு 1926, இறப்பு 1994 என்று மட்டும் இருக்கிறது. போர்க்காலத்தில் விமானத் தொழிற்சாலையில் வேலை, 1974இலிருந்து மொஸ்கோவின் லென்கொம் நாடக அரங்கு, 1988இல் ஜெர்மனியில் இதயம் நின்று, நினைவிழந்து கிடந்து, சத்திரசிகிச்சைக்குப் பிறகு மறுபடி மேடை: ஒன்றும் இல்லை. கடைசி நாளிலும் அன்றைய நாடகத்துக்குப் புறப்பட்டுக்கொண்டுதான் இருந்தார்.

வாங்கும்போதே 'தொன் கதை'யைச் சேர்த்துத் தரச் சொல்லுங்கள். ட்ரைவில் இடம் தாராளமாக இருக்கிறது.