சாஃபி ஃபாயின் 'கத்து பேய்கத்': டிவிடி விமர்சனம்

செனகல் இயக்குநர் சாஃபி ஃபாய் 1975இல் எடுத்த கறுப்பு வெள்ளைப் படம். தலைநகர் டக்காரில் ஆசிரியையாக இருந்தவர், பாரிஸில் இனவரைவியலும் திரைப்படமும் படித்து, தன் செரேர் இனத்து உறவுகளிடமே கேமராவோடு திரும்பினார். மழை பொய்த்து நிலக்கடலை விளையவில்லை; கூம்பாவுக்குப் பரிசம் கொடுக்க வழியில்லாத ங்கோர் டக்காருக்கு வேலை தேடிப் போகிறான். கதை அவ்வளவுதான். ஆனால் விவசாயிகள் கூடி வரியையும் கடனையும் பேசும் இடங்களைத் திரும்பத் திரும்ப ஓடவிட்டுப் பார்த்தேன். அது நடிப்பே இல்லை, வயிற்றெரிச்சல். செனகலில் ஏன் தடை செய்தார்கள் என்பது அங்கே விளங்குகிறது. இயக்குநரின் தாத்தாவும் படத்தில் இருக்கிறார்! குறை ஒன்று: வெள்ளை எழுத்து வசனவரிகள் வெயில் காட்சிகளில் கரைந்துவிடுகின்றன. அதற்காக வாங்காமல் இருந்துவிடாதீர்கள். கொஞ்சம் பெரிய திரையில் பாருங்கள்.