ஒரு நாடு கொள்ளைநோய்க்குத் தயாரா? நான்கு அளவுகோல்களில் எதை நம்புவது?

உலக சுகாதாரப் பாதுகாப்புக் குறியீடு 2019 அக்டோபரில் முதன்முறையாக வந்தபோது, 195 நாடுகளில் முதலிடம் அமெரிக்காவுக்கு: 100-க்கு 83.5. அடுத்தது பிரிட்டன். நியூசிலாந்து 35-வது இடம், வியட்நாம் 50-வது. சில மாதங்களில் கோவிட் வந்தது. 2020 முடிவில் உயிரிழப்புக் கணக்கைப் பார்த்தவர்களுக்கு அந்த வரிசையை எப்படி எடுத்துக்கொள்வது என்றே புரியவில்லை. வயது, இறப்புப் பதிவு போன்ற வேறுபாடுகளைச் சரிசெய்து பார்த்தால் மதிப்பெண்ணுக்கும் இறப்புக்கும் தொடர்பு தெரிகிறது என்ற ஆய்வும் பின்னர் வந்தது. அதிலும் அமெரிக்கா பொருந்தாமல் தனியாகவே நின்றது.

இந்தக் குறியீட்டைத் தயாரிப்பவர்கள் வெளியாட்கள். ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழக மையமும் அதில் உண்டு. 140 கேள்விகளுக்கும் பொதுவெளியில் கிடைக்கும் ஆவணங்களிலிருந்தே பதில் தேடினார்கள். அரசின் அனுமதி தேவையில்லை என்பதால் ஒரு செய்தியாளர் இதை வைத்து அமைச்சரிடம் கேள்வி கேட்கலாம். அது பெரிய பலம். ஆனால், ஏட்டில் இருக்கும் திட்டத்தை நெருக்கடி நேரத்தில் ஆட்சியில் இருப்பவர் எடுத்துப் பார்ப்பாரா என்பதை ஆவணம் சொல்லாது.

இரண்டாவது, தன்மதிப்பீட்டு ஆண்டறிக்கை. நோய்கள் எல்லை தாண்டிப் பரவாமல் தடுக்க நாடுகள் ஒப்புக்கொண்ட பன்னாட்டு சுகாதார விதிமுறைகளின் கீழ், அவற்றை ஏற்ற நாடுகள் ஆண்டுதோறும் உலக சுகாதார நிறுவனத்துக்குத் தர வேண்டியது. தேர்வு எழுதியவரே விடைத்தாளையும் திருத்துவது போலத்தான். ஒரு நாடு தன் பழைய ஆண்டுகளோடு ஒப்பிட்டுக்கொள்ள உதவும். நாட்டுக்கு நாடு ஒப்பிட இதை எடுக்கவே கூடாது.

மூன்றாவது, 2016-இல் தொடங்கிய கூட்டு வெளி மதிப்பீடு. நாடுகள் விரும்பினால் மட்டும் செய்துகொள்வது. இலங்கை 2017-இல் செய்துகொண்டது. உள்நாட்டு அதிகாரிகள் முதலில் தாங்களே மதிப்பெண் போடுவார்கள். அப்புறம் வெளிநாட்டு நிபுணர் குழு வந்து சுமார் ஒரு வாரம் உட்கார்ந்து கேள்வி கேட்டு, களத்தையும் பார்த்து, இரு தரப்பும் பேசி 1 முதல் 5 வரை ஒரு எண்ணுக்கு வருவார்கள். கேள்விகள் மேலோட்டமானவை அல்ல. நோயாளியின் மாதிரியைத் தேசிய ஆய்வகத்துக்கு அனுப்பும் ஏற்பாடு 50 முதல் 80 சதவீத மாவட்டங்களில் இருந்தால் 3, அதைத் தாண்டினால்தான் 4 என்று முதல் பதிப்பு வரையறுத்தது. மருத்துவரும் கால்நடைத் துறையினரும் ஒரே மேசையில் உட்கார்ந்து பேசுவதே பல நாடுகளில் புதிது. எனக்கு இதில் ஒரே குறை: சில ஆண்டுகளுக்கு ஒருமுறைதான் நடக்கும். அதுவும் என்ன இருக்கிறது என்பதைத்தான் சொல்லும். அது வேலை செய்ததா என்பதைச் சொல்லாது.

நான்காவது, 2021-இல் முன்வைக்கப்பட்ட 7-1-7. நோய் தலைகாட்டிய 7 நாளுக்குள் கண்டுபிடி, 1 நாளுக்குள் தெரிவி, அடுத்த 7 நாளுக்குள் முதற்கட்ட நடவடிக்கைகளை முடி. ஒவ்வொரு நோய்ப்பரவலுக்கும் சில தேதிகளைக் குறித்தாலே போதும்.

2018-இல் கேரளத்தின் கோழிக்கோட்டில் வந்த நிபா வைரஸ் பரவலை இதில் வைத்துப் பாருங்கள். முதல் நோயாளி மே 5 அன்று இறந்தார். அப்போது யாருக்கும் சந்தேகம் வரவில்லை. மே 17 அன்று அவருடைய சகோதரர் அதே மூளைக்காய்ச்சல் அறிகுறிகளோடு வேறொரு மருத்துவமனைக்கு வந்தபோதுதான் மருத்துவர்கள் விழித்துக்கொண்டார்கள். மூன்று நாளில், மே 20 அன்று, புனேயில் உள்ள தேசிய வைரஸ் ஆய்வகம் நிபா என்று உறுதிசெய்தது. 17 உயிர்கள் போயின. 2001-இல் மேற்கு வங்கத்தின் சிலிகுரியில் பரவியது நிபா என்பது ஆண்டுகள் கழித்துத்தான் தெரிந்தது. அதனோடு ஒப்பிட்டால் கேரளம் செய்தது அபாரம். இருந்தும் முதல் 7 நாள் தவறிவிட்டது. தவறிய இடமும் தெளிவாகத் தெரிகிறது: காரணம் புரியாத மூளைக்காய்ச்சலில் இறந்தவரிடம் மாதிரி எடுத்து அனுப்பும் வழக்கம். வேறு எந்த மதிப்பெண்ணும் இவ்வளவு துல்லியமாக விரல் நீட்டாது.

இதற்கும் எல்லை உண்டு. நோய் வராத நாட்டில் அளக்க எதுவும் இல்லை. கண்டுபிடிக்கப்படாத நோய் கணக்கிலேயே வராது. பெருந்தொற்றின் பாரத்தை நாடு தாங்குமா என்பதையும் இது சொல்லாது.

அதனால் என் தேர்வு 7-1-7, கூடவே ஐந்தாண்டுக்கு ஒருமுறை கூட்டு வெளி மதிப்பீடு. ஒன்றுக்குத்தான் பணம் இருக்கிறது என்றால் 7-1-7 போதும். மாவட்ட சுகாதார அலுவலகமே இதைச் செய்யலாம். டெங்கு, காலரா என்று வரும் சிறிய பரவல்களிலேயே தொடங்கலாம். ஒரே நிபந்தனை, தேதிகளை வெளியிட வேண்டும், தவறவிட்டவற்றையும் சேர்த்து.