பத்தொன்பது வயதுக்காரனுக்கு ஒரு சிகரெட்: காரைக்குடி, பெங்களூர், சிங்கப்பூர்

செட்டிநாட்டில் ஒரு வீட்டுப் பிள்ளைகள் எல்லோரும் ஒரே ஊரில் வளர்வது அரிது. ஒருவன் காரைக்குடியில் படிப்பான், இன்னொருவன் பெங்களூரில். சித்தப்பா வீடு சிங்கப்பூரில், அத்தை வீடு கோலாலம்பூரில். பழைய தொழில் தொடர்பு கொழும்பிலும் மிச்சம் இருக்கும். அந்த வீட்டுப் பையன் ஒருவன், வயது 19, கடையில் நின்று சிகரெட் கேட்கிறான் என்று வைத்துக்கொள்வோம். காரைக்குடியிலும் கோலாலம்பூரிலும் கடைக்காரர் கொடுக்கலாம். பெங்களூரிலும் சிங்கப்பூரிலும் கொழும்பிலும் கொடுத்தால் குற்றம். அங்கெல்லாம் வயது வரம்பு 21.

இலங்கை அந்த வரம்பை 2006 சட்டத்திலேயே வைத்துவிட்டது. மலேசியாவின் 2024 சட்டம் 18-உடன் நின்றது. வேப் என்கிற மின்சிகரெட்டும் அதே வரம்புக்குள் வந்தது. 2007 முதல் பிறந்தவர்களுக்கு ஒருபோதும் விற்கக் கூடாது என்ற யோசனை அங்கே கடைசி நேரத்தில் கைவிடப்பட்டது. மாலத்தீவு அதையே 2025 நவம்பரில் நடைமுறைக்குக் கொண்டுவந்தது.

நம் ஊருக்கு வருவோம். 2003-ஆம் ஆண்டின் மத்தியச் சட்டப்படி 18 வயது நிரம்பாதவருக்கு விற்கக் கூடாது. கல்வி நிறுவனத்திலிருந்து 100 கெஜத்துக்குள் யாருக்குமே விற்கக் கூடாது. பள்ளியும் கல்லூரியும் நெருங்கி நிற்கும் காரைக்குடியில் இரண்டாவது விதியை ஒழுங்காக அளந்தால் பல பெட்டிக்கடைகள் இடம் மாற வேண்டியிருக்கும். "ஐயாவுக்கு மூக்குப்பொடி வாங்கி வா" என்று பத்து வயதுப் பேரனை அனுப்புவதும் இந்தச் சட்டத்துக்குள்தான் வருகிறது. பீடி, சுருட்டு, மூக்குப்பொடி எல்லாம் அதன் பட்டியலில் உண்டு. மதியம் அப்பா சாப்பிடப் போகையில் பள்ளி மாணவனான மகன் கல்லாவில் உட்கார்ந்து விற்பதையும் விதி தடுக்கிறது.

தண்டனையில்தான் வேடிக்கை. அந்தச் சட்டத்தில் அபராதம் அதிகபட்சம் 200 ரூபாய். இதே செயலுக்கு, 2015-இன் சிறார் நீதிச் சட்டத்தின் 77-ஆம் பிரிவு 7 ஆண்டு வரை கடுங்காவலும் 1 லட்சம் ரூபாய் வரை அபராதமும் வைத்திருக்கிறது. ஒன்று கடைக்காரருக்கு உறைக்காது. மற்றொன்றை ஒரு பீடிக்கட்டுக்காகப் போட எந்த அதிகாரிக்கும் கை வராது. இரண்டுக்கும் நடுவில் ஒரு தண்டனை இல்லாததுதான் நம் விதியின் பெரிய ஓட்டை.

கர்நாடகம் அந்த ஓட்டையைக் கொஞ்சம் அடைத்திருக்கிறது. மத்தியச் சட்டத்துக்கு அது கொண்டுவந்த திருத்தம் வயதை 21 ஆக்கி, அபராதத்தை 1,000 ரூபாய்க்கு உயர்த்தி, சில்லறையாக ஒற்றைச் சிகரெட் விற்பதையும் தடுத்தது. என் பார்வையில் இந்தக் கடைசி அம்சம்தான் வயது வரம்பைவிட முக்கியம். மாணவன் பையில் பாக்கெட் வாங்கும் அளவுக்குப் பணம் இருக்காது. ஒன்று வாங்கப் போதுமான சில்லறை எப்போதும் இருக்கும்.

ஆனாலும் என் ஓட்டு சிங்கப்பூருக்கே. 2019-இல் 19, 2020-இல் 20, 2021-இல் 21 என்று படிப்படியாக ஏற்றினார்கள். அந்த எண்ணுக்காக நான் ஓட்டுப் போடவில்லை. அங்கே சிகரெட் விற்கத் தனி உரிமம் வேண்டும். வயது குறைந்தவருக்கு விற்று முதல் முறை பிடிபட்டால் உரிமம் நிறுத்தி வைக்கப்படும், மறுமுறை பறிபோகும். பள்ளிச் சீருடையில் இருப்பவருக்கு விற்றால் முதல் முறையே போய்விடும். தினசரி வியாபாரம் போய்விடும் என்ற பயம் எந்த அபராதத்தையும்விட வேலை செய்யும். 20-க்குக் குறைந்த பாக்கெட்டும் அங்கே கிடையாது. நம் மத்தியச் சட்டம் உரிமமும் கேட்பதில்லை, சில்லறை விற்பனையையும் தொடுவதில்லை. தமிழ்நாடு வயதை மட்டும் 21 ஆக்கினால் அறிவிப்புப் பலகையில் ஓர் எண் மாறும், அவ்வளவுதான்.

வேப் விஷயத்தில் வயதுக் கணக்கே வேண்டாம். இந்தியா 2019-இல் எல்லோருக்குமே விற்பனையைத் தடுத்துவிட்டது. வெளிநாட்டிலிருந்து கொண்டுவருவதும் அதில் அடங்கும். சிங்கப்பூரில் கையில் வைத்திருந்தாலே குற்றம்.

இங்கிருந்து சிங்கப்பூருக்குப் புறப்படுகிறவர்கள் பெட்டியை ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள். சிகரெட்டுக்கு அங்கே வரிச்சலுகை இல்லை. ஒரு பாக்கெட் என்றாலும் சொல்லி வரி கட்ட வேண்டும். 21 வயதுக்குக் குறைந்தவர் வைத்திருப்பதே தவறு. ஐயாவின் மூக்குப்பொடியும் ஆச்சியின் வெற்றிலைப் பையில் இருக்கும் புகையிலையும் அங்கே எந்த வயதினருக்கும் தடை.